தாத்தாவின் பித்தளை வில்லை: மனிதர்களைப் பற்றிய புத்தகங்களை எங்கிருந்து தேடத் தொடங்குவது?

மாரிக்குப்பம் பேரன் | சனி, இரவு 10.40

எல்லோருக்கும் வணக்கம். கிருஷ்ணராஜபுரத்தில் இருக்கிறேன். இத்தனை நாளும் மற்றவர்கள் எழுதுவதைப் படித்துவிட்டுப் போகிறவன், இன்றுதான் முதல் முறையாக ஒரு இழை தொடங்குகிறேன்.

ஒன்பதாவது படிக்கும் என் மகளுக்குப் பள்ளியில் ஒரு வேலை கொடுத்திருக்கிறார்கள். உங்கள் குடும்பம் எங்கிருந்து, எப்போது, எதற்காக இந்த ஊருக்கு வந்தது என்று நான்கு பக்கம் எழுத வேண்டும். தாத்தா வட ஆற்காட்டுப் பக்கத்திலிருந்து கோலார் தங்கவயலுக்கு வந்தவர். அப்பாவுக்கும் அங்கேயே, சாம்பியன் ரீஃப் சுரங்கத்தில் வேலை. 2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கத்தை மூடினார்கள். அடுத்த வருடம் நாங்கள் பெங்களூரு வந்துவிட்டோம். எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான், அரைப் பக்கம்கூட வரவில்லை.

அம்மாவின் டிரங்குப் பெட்டியில் தாத்தாவின் பித்தளை வில்லை ஒன்று இருக்கிறது. சுரங்கத்தில் ஆளுக்கு ஒன்றாகக் கொடுத்த, எண் பொறித்த அடையாள வில்லை. கயிறு கோக்கும் துளையின் ஓரம் தேய்ந்து மழமழவென்று ஆகிவிட்டது. மகள் அதைக் கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “தாத்தா பேரே இதுல இல்லையேப்பா, வெறும் நம்பர்தானே இருக்கு” என்றாள். அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

நான் நாவல் நிறையப் படிப்பவன். உண்மையாக வாழ்ந்த மனிதர்களைப் பற்றி, சமூகத்தைப் பற்றி, வரலாற்றைப் பற்றிப் படித்ததே இல்லை என்று சொல்லலாம். இணையத்தில் தேடினால் எல்லாப் பட்டியலிலும் அதே பத்துப் புத்தகங்கள்: அரசர்கள், தலைவர்கள், கோடீஸ்வரர் ஆனவர்கள். ஒரு புத்தகக் கடையில் தொழிலாளர் வரலாறு இருக்கிறதா என்று கேட்டேன். “அதெல்லாம் ஓடாது சார்” என்று சொல்லிவிட்டார்கள். என் தாத்தாவைப் போன்றவர்கள் எந்தப் புத்தகத்தில் இருப்பார்கள்? எங்கிருந்து தொடங்கட்டும்?

அவென்யூ ரோடு | சனி, இரவு 11.25

உங்கள் தாத்தா புத்தகத்தில் இருக்கிறார் சார். பெயரோடு இல்லாமல் இருக்கலாம், ஆனால் இருக்கிறார்.

ஜானகி நாயர் எழுதிய ‘மைனர்ஸ் அண்ட் மில்ஹேண்ட்ஸ்’ என்ற ஆங்கிலப் புத்தகம், 1998இல் வந்தது. மன்னர் கால மைசூரில் தங்கவயல் சுரங்கத் தொழிலாளர்களையும் பெங்களூரு பஞ்சாலைத் தொழிலாளர்களையும் சேர்த்து ஆராய்கிறது. உங்கள் வில்லையைப் பற்றிப் படித்ததும் எனக்கு நினைவு வந்தது 1930 வேலைநிறுத்தம். சுரங்கத்தில் தொழிலாளர்கள் எல்லோரும் கைரேகை வைத்துப் பதிவு செய்துகொள்ள வேண்டும் என்று உத்தரவு வந்தபோது வேலைக்கு இறங்க மறுத்துவிட்டார்கள். எண் பொறித்த வில்லையோடு தினமும் பூமிக்குள் போய் வந்தவர்கள், ரேகையைக் கேட்டபோது முடியாது என்றார்கள். குற்றவாளியிடம் கேட்பதை எங்களிடம் கேட்கிறீர்களா என்ற ரோஷம் அதில் இருந்திருக்கும் என்று நினைக்கிறேன். உங்கள் மகள் கேட்ட கேள்வியும் அதற்குப் பக்கத்தில்தான் நிற்கிறது.

எங்கிருந்து தொடங்குவது என்று கேட்டீர்கள். பட்டியல்களை விடுங்கள். உங்களிடம் ஏற்கெனவே ஒரு கேள்வி இருக்கிறது, அதைப் பிடித்துக்கொண்டே போங்கள். எனக்கு அது ஒரு தெருவில் தொடங்கியது. நான் பிரேசர் டவுனில் வளர்ந்தவன். எங்கள் தெருக்கள் நூல் பிடித்தாற்போல் நேராக இருக்கும். பத்து நிமிடம் நடந்து சிவாஜிநகர் போனால் சந்துக்குள் சந்து. ஏன் இப்படி என்று பல வருடம் மனதில் ஓடிக்கொண்டிருந்தது. 1898இல் பெங்களூருவில் பிளேக் வந்தது என்றும், நெருக்கமான குடியிருப்புகளைக் கண்டு பயந்து காற்றோட்டமாக, அகலத் தெருக்களோடு புதுக் குடியிருப்புகளைத் திட்டமிட்டார்கள் என்றும், எங்கள் பிரேசர் டவுன் அப்படிப் பிறந்தது என்றும் படித்தபோது, தினம் நடந்த தெருவே வேறு தெருவாகத் தெரிந்தது. பிளேக் மாரியம்மன் கோயிலைச் சின்ன வயதிலிருந்து கும்பிட்டவன், அந்தப் பெயரை அன்றுதான் காதில் வாங்கினேன். அதன் பிறகு இருபதாம் நூற்றாண்டு பெங்களூருவைப் பற்றி அதே ஜானகி நாயர் எழுதிய ‘தி பிராமிஸ் ஆஃப் தி மெட்ரோபோலிஸ்’ கையில் கிடைத்தது. 2005இல் வந்த புத்தகம்.

இன்னொன்று. இப்படிப்பட்ட புத்தகத்தைப் பின்னாலிருந்து திறங்கள். கடைசியில் இருக்கும் சொல்லடைவில் உங்கள் ஊர் பெயரைத் தேடி, அந்தப் பக்கத்தை மட்டும் முதலில் படியுங்கள். மனதைத் தொட்டால், அந்தப் பக்கத்து அடிக்குறிப்பு எந்தப் புத்தகத்தைச் சொல்கிறது என்று பாருங்கள். அடுத்துப் படிக்க வேண்டியது அதுதான். இருபது வருடமாக எனக்குப் புத்தகம் கிடைப்பது இந்த வழியில்தான். ‘மைனர்ஸ் அண்ட் மில்ஹேண்ட்ஸ்’ என் பிரதியை உங்களுக்குத் தருகிறேன். ஓரங்களில் பென்சில் கிறுக்கல் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அல்சூர் டீச்சர் | ஞாயிறு, காலை 6.50

தம்பி, நான் ஓய்வு பெற்ற தமிழாசிரியை. அவென்யூ ரோடு சொன்னது அத்தனையும் சரி, ஆனால் முதல் புத்தகமாக ஓர் ஆங்கில ஆய்வு நூலைக் கையில் எடுத்தால் முப்பதாம் பக்கத்தில் மூடிவிடுவீர்கள். அதில் தவறு இல்லை. நடை பழகவில்லை, அவ்வளவுதான்.

தமிழில் தொடங்குங்கள். தொ. பரமசிவனின் ‘அறியப்படாத தமிழகம்’ சின்னப் புத்தகம், 1997இல் வந்தது. உப்பு, எண்ணெய் என்று நம் வீட்டுச் சமையலறையில் கிடப்பவற்றை எடுத்துக்கொண்டு அதற்குள் ஒரு சமூகத்தையே காட்டிவிடுவார். பல்லாங்குழியைப் பற்றி ஒரு கட்டுரை. ஐந்தைந்து காயாகச் சமமாகப் போட்டுத் தொடங்குகிற ஆட்டம், முடியும்போது ஒருத்தியிடம் எல்லாம் இருக்கும், இன்னொருத்தியிடம் ஒன்றும் இருக்காது. தனிச்சொத்து என்பது பழக்கத்துக்கு வந்த கதையை அதில் அவர் பார்க்கிறார். நான் என் பாட்டியோடு சோழி போட்டு ஆடியவள். பாட்டியிடம் தோற்றுப்போய் அழுததெல்லாம் ஞாபகம் இருக்கிறது. அந்தக் கட்டுரையைப் படித்த அன்று எழுந்துபோய்ப் பரணிலிருந்து பலகையை இறக்கித் துடைத்து வைத்தேன்.

அடுத்து ஆ. சிவசுப்பிரமணியன். உப்பை மட்டும் வைத்தே ‘உப்பிட்டவரை’ என்று ஒரு புத்தகம் எழுதியிருக்கிறார். ஆ. இரா. வேங்கடாசலபதியின் ‘அந்தக் காலத்தில் காப்பி இல்லை’ படியுங்கள். காலையில் நாம் குடிக்கும் காப்பி எப்போது வந்தது, யார் குடிக்கலாம், யார் எதிர்த்தார்கள் என்பதெல்லாம் வரலாறா என்று கேட்பவர்களுக்கு நான் அதைத்தான் கொடுப்பேன்.

எங்கள் ஏரிக்கரையில் இருக்கும் தமிழ்ச் சங்க நூலகத்துக்கு ஒருநாள் மகளையும் கூட்டிக்கொண்டு வாங்க.

ஒயிட்ஃபீல்டு 66 | ஞாயிறு, காலை 10.15

டீச்சர் அம்மா, மரியாதையோடு ஒரு சந்தேகம் கேட்கிறேன். தொ.ப. எனக்கும் பிடிக்கும். ஆனால் பல்லாங்குழியிலிருந்து தனிச்சொத்துக்குப் போகிற மாதிரி இடங்களில், இது நிரூபணமானதா, அவருடைய ஊகமா என்று எனக்குப் பிடிபடுவதில்லை. நான் டேட்டா வேலை பார்ப்பவன், ஆதாரம் தேடிப் பழகிவிட்டது. தன்வரலாறுகளிலும் இதே சிக்கல். தன்னைப் பற்றித் தானே எழுதுகிறவர் எதை விட்டுவிட்டார் என்று எப்படித் தெரிந்துகொள்வது? கதை என்றால் கதை என்று தெரிந்து படிக்கிறோம். உண்மை என்று சொல்லி வருகிற புத்தகத்தை எந்த அளவுக்கு நம்புவது?

அல்சூர் டீச்சர் | ஞாயிறு, பகல் 12.30

நல்ல கேள்வி. வகுப்பில் இப்படிக் கேட்கும் பிள்ளைகளை எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

பல்லாங்குழி விஷயத்தில் அது அவருடைய விளக்கம்தான். அப்படிப் பார்க்கலாமே என்று ஒரு ஜன்னலைத் திறக்கிறார், ஏற்பதும் மறுப்பதும் நம் கையில். தன்வரலாறு வேறு. அதைத் தனியாகப் படிக்கவே கூடாது, இன்னொரு புத்தகத்தோடு சேர்த்துப் படிக்க வேண்டும்.

திரு.வி.க.வின் ‘வாழ்க்கைக் குறிப்புகள்’ 1944இல் வந்தது. சென்னைத் தொழிலாளர் இயக்கத்தை உள்ளேயிருந்து பார்த்தவர் எழுதியது, தமிழில் அது ஒரு பொக்கிஷம். ஆனால் 1921இல் சென்னைப் பெரம்பூரில் இருந்த பக்கிங்காம் கர்நாடிக் பஞ்சாலை வேலைநிறுத்தத்தின்போது, ஆதிதிராவிடத் தொழிலாளர்களில் பெரும்பாலானவர்கள் அதில் சேரவில்லை. தொழிலாளருக்குள்ளேயே பகை மூண்டு புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன, உயிர்கள் போயின. தொழிற்சங்கத் தலைவர்கள் கண்ட 1921 ஒன்று. ஆதிதிராவிட மக்களுக்காகப் பேசிய எம்.சி. ராஜா கண்ட 1921 இன்னொன்று. ஒரு தரப்பை மட்டும் படித்தால் மற்றதில் வெந்துபோன குடிசை நம் கண்ணுக்கே தெரியாது. இரண்டையும் படித்த பிறகு, ஒற்றுமை என்ற சொல்லை நான் வகுப்பில் சொல்லும்போது கொஞ்சம் நிதானித்துத்தான் சொன்னேன்.

ஆக, எவ்வளவு நம்புவது என்று கேட்டால், பக்கத்தில் இன்னொரு புத்தகத்தை வைக்கும் அளவுக்கு.

டி.வி.ஜி. சாலை | ஞாயிறு, மாலை 4.05

திரு.வி.க. பேச்சு வந்ததால் ஒன்று சொல்ல ஆசை. 1918இல் தொடங்கிய மதராஸ் தொழிலாளர் சங்கத்தின் தலைவர் பி.பி. வாடியா. செல்வபதி செட்டியாரும் ராமாஞ்சலு நாயுடுவும் போய் அழைத்து, ஆலைத் தொழிலாளர்கள் முன் வந்து நின்றவர். அவர்தான் பின்னாளில் எங்கள் பசவனகுடியில் 1945இல் இந்திய உலகப் பண்பாட்டுக் கழகத்தைத் தொடங்கினார். அது இருக்கும் சாலைக்கே பி.பி. வாடியா சாலை என்றுதான் பெயர். கல்லூரி நாட்களில் அந்த நூலகத்தில் மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து எத்தனையோ மதியம் படித்திருக்கிறேன். வாடியா யாரென்று தெரியாமலே.

கடைசியில் திரு.வி.க.வைப் படிக்கும்போதுதான் அந்தப் பெயர் கண்ணில் பட்டது. பெரம்பூர் ஆலை வாசலில் பேசியவரும் பசவனகுடியில் எனக்கு நாற்காலி போட்டுக் கொடுத்தவரும் ஒரே ஆள் என்பது உறைக்க ஒரு நிமிடம் ஆனது. புத்தகத்தை மடியில் கவிழ்த்து வைத்துவிட்டு அப்படியே உட்கார்ந்திருந்தேன்.

கப்பன் பூங்காவில் இருக்கும் சிவப்புக் கட்டட மாநில மைய நூலகமும் இப்படித்தான். அது சேஷாத்ரி ஐயர் நினைவு மண்டபம். அவர் மைசூர் திவானாக இருந்தபோதுதான் சிவசமுத்திரம் நீர்மின் திட்டத்துக்கு வித்திட்டார்கள். 1902இல் அந்த மின்சாரம் முதலில் போனது எங்கே தெரியுமா? மாரிக்குப்பம் பேரன் அவர்களே, உங்கள் தங்கவயலுக்கு. பெங்களூரு தெருவிளக்குக்கு மின்சாரம் வந்தது 1905இல்தான். உங்கள் தாத்தாவின் சுரங்கம்தான் எங்களுக்கு முன்னால் வெளிச்சம் பார்த்தது. வெளிச்சம் யாருக்காகப் போனது என்பது வேறு கேள்வி, அதையும் மகளை எழுதச் சொல்லுங்கள்.

ராபர்ட்சன்பேட்டை | ஞாயிறு, இரவு 8.20

நானும் தங்கவயல்காரன்தான். சாதியை எதிர்த்து, தமிழ் பௌத்தத்தை முன்வைத்த சிந்தனையாளர் அயோத்திதாசரை இதுவரை யாரும் சொல்லவில்லை என்பதால் எழுதுகிறேன்.

1907இல் சென்னை ராயப்பேட்டையிலிருந்து ‘ஒரு பைசாத் தமிழன்’ என்று வாரப் பத்திரிகை தொடங்கினார். ஒரு வருடத்தில் ‘தமிழன்’ ஆனது. அவருடைய பௌத்த சங்கத்துக்குத் தங்கவயல் மாரிக்குப்பத்தில் கிளை இருந்தது. மாரிக்குப்பத்தில் நடந்த கூட்டங்கள் அந்தப் பத்திரிகையில் செய்தியாக வந்தன. 1914இல் அவர் காலமான பிறகும் அந்தச் சிந்தனை அணையாமல் இருந்த இடங்களில் தங்கவயல் முக்கியமானது. அவருடைய நூல்களைச் சித்தார்த்தா புத்தகசாலை அங்கிருந்தே அச்சிட்டது. 1920களில் ஜி. அப்பாதுரையார் ‘தமிழ’னைத் தங்கவயலிலிருந்தே மறுபடி நடத்தினார். பகலெல்லாம் பூமிக்கடியில் பாறை உடைத்தவர்கள், மேலே வந்து பத்திரிகை படித்தார்கள், சந்தா கட்டினார்கள், விவாதம் செய்தார்கள். எங்களை வெறும் கூலிகள் என்று எழுதுபவர்களிடம் இதைத்தான் நான் காட்டுவேன்.

ஞான. அலாய்சியஸ் தொகுத்த ‘அயோத்திதாசர் சிந்தனைகள்’ 1999இல் வெளிவந்தது. பழைய தமிழ் நடை, முதலில் கல்லும் முள்ளுமாக இருக்கும். சத்தம் போட்டுப் படித்துப் பாருங்கள், பத்துப் பக்கத்தில் வசப்பட்டுவிடும். இந்த பௌத்த இயக்கத்தைப் பற்றி அலாய்சியஸ் ஆங்கிலத்தில் ஒரு தனி நூலே 1998இல் எழுதியிருக்கிறார். ஒடுக்கப்பட்ட மக்களின் தலைவர் ரெட்டைமலை சீனிவாசன் தன் வாழ்க்கையைத் தானே எழுதியதும் இருக்கிறது, 1939இல் வந்த ‘ஜீவிய சரித்திர சுருக்கம்’. பெயருக்கேற்ற மாதிரி மெலிந்த புத்தகம், ஒரே மாலையில் முடித்துவிடலாம்.

தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் பழைய நூல்கள் இலவசமாகக் கிடைக்கின்றன. கடைதான் வேண்டுமென்றால் பிரிகேட் ரோட்டை ஒட்டிய சந்தில் 1945 முதல் இருக்கும் செலக்ட் புக் ஷாப், சர்ச் ஸ்ட்ரீட்டில் பிளாசம், புக்வார்ம். போய் நிதானமாக நின்று தேட வேண்டும்.

ஜன்னலோரம் | திங்கள், காலை 7.10

இரவெல்லாம் இந்த இழையைப் படித்தேன். எல்லாம் அருமை. ஆனால் தாத்தா, அப்பா, திவான், தலைவர், ஆசிரியர் என்றே போகிறது. அந்த வீடுகளில் இருந்த பெண்கள் எங்கே?

மைதிலி சிவராமன் தொழிற்சங்கத்தில் முழுமூச்சாக வேலை செய்தவர், 1968இல் தலித் கூலி விவசாயிகள் குடும்பத்தோடு எரித்துக் கொல்லப்பட்ட கீழ்வெண்மணிக்கு நேரில் போய் எழுதியவர். அவர் தன் பாட்டி சுப்பலட்சுமியைப் பற்றி ‘ஃபிராக்மென்ட்ஸ் ஆஃப் எ லைஃப்’ என்று ஒரு புத்தகம் எழுதினார், 2006இல் வந்தது. பாட்டி ஊரறிந்த தலைவர் இல்லை. நாட்குறிப்பும் கடிதங்களும் விட்டுப்போன ஒரு பெண். அந்தத் துண்டு துணுக்குகளை வைத்தே ஒரு வாழ்க்கையைக் கோத்துக் காட்டுகிறார். படித்து முடித்துவிட்டு என் அம்மாச்சியின் கணக்கு நோட்டைத் தேடி எடுத்தேன். பால் கணக்கு, மளிகைக் கணக்கு. நடுவில் ஒரு பக்கத்தில் மட்டும் ‘இன்று மனசு சரியில்லை’ என்று எழுதியிருக்கிறார். தேதி இல்லை. அதற்கு அடுத்த வரியில் மறுபடியும் பால் கணக்கு.

ஸ்வெட்லானா அலெக்சியேவிச்சையும் தேடிப் படியுங்கள், 2015இல் நோபல் பரிசு பெற்றவர். இரண்டாம் உலகப் போரில் சோவியத் படையில் இருந்த பெண்களைத் தேடித் தேடிப் போய்ப் பேசவைத்திருக்கிறார். எந்தத் தளபதி எங்கே ஜெயித்தான் என்று அந்தப் பெண்கள் பேசவில்லை. பின்னலை வெட்டியது, ஆண்களுக்குத் தைத்த பெரிய பூட்சுக்குள் கால் ஆடியது, இதைத்தான் சொல்கிறார்கள். போர் எனக்குப் புரிந்தது அங்கேதான்.

மாரிக்குப்பம் பேரன் அண்ணா, உங்கள் அம்மா உயிரோடு இருக்கிறார்கள். அவர்களிடம் கேட்டீர்களா?

மாரிக்குப்பம் பேரன் | அடுத்த ஞாயிறு, இரவு 9.30

ஒரு வாரமாக எழுத முடியவில்லை, மன்னிக்கவும். சொல்வதற்கு நிறைய இருக்கிறது.

புதன்கிழமை அவென்யூ ரோடு சார் ஆபீஸ் வாசலில் வந்து புத்தகத்தைக் கொடுத்துவிட்டுப் போனார். டீச்சர் அம்மா சொன்னது சரி, நேராகப் படிக்க ஆரம்பித்து இருபதாவது பக்கத்தில் திணறினேன். அப்புறம் பின்பக்கம் போய்த் தங்கவயல் வரும் இடங்களை மட்டும் எடுத்துக்கொண்டேன். நேற்றிரவு சாப்பாட்டுக்குப் பிறகு அம்மாவுக்கும் மகளுக்கும் நடுவில் உட்கார்ந்து, கைரேகை வேலைநிறுத்தம் வரும் பகுதியைத் தமிழில் சொல்லிக்கொண்டே போனேன். அம்மா வாழைப்பழத்தை உரித்தவர் சாப்பிடாமல் கையிலேயே வைத்திருந்தார்.

முடித்ததும் கேட்டார்: “பாறை வெடிக்கிறதைப் பத்தி எழுதியிருக்காங்களா?”

சாம்பியன் ரீஃபில் மூன்று கிலோமீட்டருக்கும் கீழே வரை தோண்டியிருந்தார்கள். அந்த ஆழத்தில் பாறை தானாகவே அழுத்தம் தாங்காமல் வெடித்துச் சிதறும். இது எனக்குத் தெரியும். அம்மா சொன்னது எனக்குத் தெரியாது. கீழே வெடித்தால் மேலே தொழிலாளர்கள் குடியிருந்த லைன் வீடுகளில் அலமாரியில் அடுக்கிய தட்டு டம்ளரெல்லாம் கிலுகிலுவென்று ஆடுமாம். ஆடினவுடனே எந்த வீட்டிலும் யாரும் பேச மாட்டார்களாம். அடுப்பை அணைத்துவிட்டு வாசலுக்கு வந்து நிற்பார்களாம். எந்த ஷிப்ட்டில் யார் வீட்டு ஆள் உள்ளே இருக்கிறார் என்று தெருவிலிருக்கும் ஒவ்வொரு பெண்ணுக்கும் மனப்பாடம். “உங்கப்பா உள்ளே இருந்த அன்னைக்கு, ஒரு தடவை, எவர்சில்வர் தூக்கு உருண்டு வாசப்படி வரைக்கும் வந்துச்சு. அதை நான் எடுக்கவே இல்லை. அவர் வந்து எடுக்கட்டும்னு அப்படியே விட்டுட்டேன்” என்றார்.

அப்பா அன்று ராத்திரி வந்துதான் எடுத்தாராம். இதை அம்மா இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. நாற்பத்தைந்து வயதாகிறது எனக்கு, நானும் கேட்டதில்லை.

நான் படித்த பக்கங்களில் அந்தத் தூக்கு இல்லை. மகள் போனில் பதிவு செய்துவிட்டாள், ஒரு மணி நேரம் பதினோரு நிமிடம். நான்கு பக்கம் போதாது என்று இப்போதே பள்ளி டீச்சரிடம் அனுமதி கேட்கப் போகிறாளாம். புத்தகத்திலிருந்து 1930, சிவசமுத்திரம், ‘தமிழன்’ பத்திரிகை மூன்றையும் எடுத்துக்கொண்டிருக்கிறாள். மற்றதெல்லாம் பாட்டி சொன்னது. தலைப்பில் வில்லையின் எண்ணைப் போட்டு, அதற்குக் கீழே தாத்தாவின் பெயரை எழுதியிருக்கிறாள்.

இப்போது என்னிடம் புதுக் கேள்வி வந்துவிட்டது. அந்தப் பாறை வெடிப்புகளைப் பற்றி, அதில் இறந்தவர்களைப் பற்றி, அந்த வீட்டுப் பெண்களைப் பற்றி யாராவது எழுதியிருக்கிறார்களா? தமிழோ ஆங்கிலமோ கன்னடமோ, எதுவானாலும் சரி, சொல்லுங்கள்.

ராபர்ட்சன்பேட்டை | அடுத்த ஞாயிறு, இரவு 9.55

எங்கள் வீட்டில் அது பித்தளைக் குடம். அதே மாதிரிதான், உருண்டு வரும். என் பெரியம்மாவுக்கு எண்பத்தொன்று, இன்னும் அங்கேயேதான் இருக்கிறார், நினைவு தெளிவாக இருக்கிறது. மகளை ஒரு சனிக்கிழமை கூட்டிக்கொண்டு வாருங்கள், காலையில் மாரிக்குப்பம் ரயிலைப் பிடித்தால் மதியத்துக்குள் வந்துவிடலாம். போனில் சார்ஜ் நிறைய வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

அவென்யூ ரோடு | அடுத்த ஞாயிறு, இரவு 10.10

புத்தகத்தை அவசரமாகத் திருப்பித் தர வேண்டாம். ஓரத்தில் என் பென்சில் குறிப்புகளுக்குப் பக்கத்தில் அந்தத் தூக்கைப் பற்றி அம்மா சொன்னதை உங்கள் கையெழுத்தில் எழுதித் தாருங்கள்.